ஆறு சதவிகித நியாயம்

அரசாங்க வேலையில் சேருகிற அன்றைக்கே ஒருவர் எந்தத் தேதியில் ரிட்டயர் ஆவார் என்பது தெரிந்துவிடுகிறது. பணிப்பதிவேட்டின் முதல் பக்கத்தில் பிறந்த தேதி இருக்கிறது. அதோடு வயதைக் கூட்டிக்கொள்ள வேண்டியதுதான். மழை எப்போது வரும், கரன்ட் எப்போது போகும், ரோட்டில் தோண்டிய பள்ளத்தை எப்போது மூடுவார்கள் என்பதெல்லாம் ஆண்டவனுக்கே தெரியாது. ஆனால் ஒரு ஊழியர் வீட்டுக்குப் போகும் நாள், முப்பது வருஷம் முன்கூட்டியே எழுதிவைக்கப்பட்ட நாள்.

அப்படியிருந்தும் அந்த நாள் வந்ததும் அலுவலகம் திடுக்கிட்டுப் போகிறது. மாலை போடுகிறார்கள், வாட்ச் கொடுக்கிறார்கள், ஜீப்பில் வீடுவரை கொண்டுவந்து விடுகிறார்கள். பணம்? "ஃபைல் மூவ் ஆயிட்டிருக்கு சார். ஒரு சர்டிபிகேட்தான் பாக்கி." அந்த ஒரு சர்டிபிகேட்டுக்காக ஒருவர் எத்தனை மாசம் நடக்க வேண்டும், நடந்தும் கிடைக்கவில்லை என்றால் சட்டம் அவருக்கு என்ன கொடுக்கும் என்பதுதான் இந்த வாரம்.

ஆவடி, அம்பத்தூர், பூந்தமல்லி பக்கம் குடியிருப்பவர்களுக்கு இது பக்கத்து வீட்டுச் சமாச்சாரம். தனியார் பட்டறைகள் ஒருபுறம் இருக்கட்டும். கனரக வாகனத் தொழிற்சாலை, என்ஜின் ஃபேக்டரி, ராணுவ உடைத் தொழிற்சாலை, பஸ் டெப்போக்கள், முனிசிபாலிட்டி, அரசுப் பள்ளிக்கூடங்கள் என்று சர்க்கார் சம்பளத்தில் ஒரு தலைமுறையே வீடு கட்டிக் குடியேறிய ஊர்கள் இவை. காலையில் ஏதாவது ஒரு பூங்கா பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் மூன்று பெரியவர்களை எடுத்துக்கொள்ளுங்கள். ஒருவர் டாங்கி செய்தவர், ஒருவர் பாடம் நடத்தியவர், ஒருவர் டிக்கெட் கிழித்தவர். மூன்று பேரும் ஒரே டீக்கடை, ஒரே ரயில்வே ஸ்டேஷன், ஒரே பிரஷர் மாத்திரை. ஆனால் பென்ஷன் பணம் தாமதமானால் மூன்று பேருக்கும் மூன்று வாசல். எது யாருடைய வாசல் என்று கண்டுபிடிப்பதற்கே பலருக்கு ஒரு வருஷம் ஓடிவிடுகிறது.

டாங்கி செய்தவர் மத்திய அரசு ஊழியர். 2021 அக்டோபர் 1ஆம் தேதி படைக்கலத் தொழிற்சாலை வாரியத்தைக் கலைத்து ஏழு கம்பெனிகளாகப் பிரித்தார்கள். ஆவடியில் தலைமையிடத்தோடு ஒரு கம்பெனி முளைத்தது. பழைய ஊழியர்கள் டெபுடேஷனில் இருப்பதாகக் கருதப்பட்டு மத்திய அரசு ஊழியர்களாகவே தொடர்ந்தார்கள். அதனால் அவர் போகவேண்டிய இடம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். சென்னை ஹைகோர்ட் வளாகத்திலேயே இருக்கிறது. முதலில் துறைக்கு எழுத்துமூலம் முறையிட வேண்டும். ஆறு மாதம் பதில் இல்லாவிட்டால் மனுப்போடலாம். அதற்குப்பின் ஒரு வருஷத்துக்குள் போட்டாக வேண்டும். கட்டணம் ஐம்பது ரூபாய்தான். வக்கீல் கட்டணம் வேறு!

பாடம் நடத்தியவர் மாநில அரசு ஊழியர். மாநிலத்துக்கென்று தனியாக ஒரு நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. அதை மூடி வருஷக்கணக்காகிறது. ஆகவே அவர் நேரே ஹைகோர்ட்டில் அரசியல் சட்டத்தின் 226ஆவது பிரிவின்படி ரிட் மனு போடவேண்டும்.

டிக்கெட் கிழித்தவர்தான் பாவம். தினமும் அரசாங்க பஸ்ஸில் வேலை பார்த்தாரே தவிர, சட்டத்தின் கண்ணில் அவர் அரசு ஊழியரே இல்லை. போக்குவரத்துக் கழகம் என்பது கம்பெனி. அரசுக்குச் சொந்தமான கம்பெனி. லாபத்தில் ஓடினால் அரசின் சாதனை, நஷ்டத்தில் ஓடினால் தனி நிறுவனம். இவருடைய கதையைக் கொஞ்சம் விரிவாகப் பார்க்கலாம், ஏனென்றால் தமிழ்நாட்டில் ஓய்வுக்காலப் பணம் தாமதமானதில் மிகப் பெரிய கதை அதுதான்.

2018 ஜனவரி 4ஆம் தேதி சாயங்காலம் ஆரம்பித்த பஸ் ஸ்ட்ரைக் ஞாபகம் இருக்கிறதா? பொங்கலுக்கு ஊருக்குப் போக முடியாமல் எல்லோரும் திட்டித் தீர்த்தோம். 11ஆம் தேதி ராத்திரிதான் முடிந்தது. சம்பள உயர்வுக்கு 2.57ஆல் பெருக்குவதா 2.44ஆல் பெருக்குவதா என்ற சண்டையாகத்தான் பேப்பர்கள் அதை எழுதின. அதற்குள்ளே இன்னொரு கோரிக்கை இருந்தது. ஏற்கெனவே ரிட்டயர் ஆனவர்களின் கிராஜுவிட்டி, பி.எஃப்., விடுப்புச் சம்பளம் எல்லாம் வருஷக்கணக்கில் நிலுவை; அதைக் கொடு என்பது. அதற்கு முந்தைய வருஷம் மே மாதம் நடந்த ஸ்ட்ரைக்கிலும் இதே கோரிக்கைதான் முன்னால் நின்றது. 2018இல் ஸ்ட்ரைக் நடந்துகொண்டிருந்தபோதே 750 கோடி ரூபாய் நிலுவைக்காக ஒதுக்கப்படுவதாக அரசு அறிவித்தது. அதாவது இல்லவே இல்லை என்று சொல்லப்பட்ட பணம் ஒரே வாரத்தில் கிடைத்துவிட்டது. அந்த ஸ்ட்ரைக்குக்கு ஹைகோர்ட் தடை விதித்திருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். நீதிமன்றம் கூடாது என்று சொன்ன வழியில்தான் சட்டப்படி சேரவேண்டிய பணம் வந்தது.

சரி, அந்தப் பணம் அதுவரை எங்கே போயிருந்தது? டீசலுக்குப் போயிருந்தது, உதிரி பாகத்துக்குப் போயிருந்தது, அந்தந்த மாதச் சம்பளத்துக்குப் போயிருந்தது. 2011 நவம்பரில் ஏற்றிய பஸ் கட்டணம் 2018 ஜனவரி வரை அப்படியே இருந்தது. ஆறு வருஷம்! ஏற்றாமலிருந்தது நல்ல விஷயம்தான், ஏழைகள் போகிற வண்டி. ஆனால் அந்த நஷ்டத்தை அரசு உடனுக்குடன் ஈடுகட்டியிருக்க வேண்டும். அதைச் செய்யவில்லை. பூந்தமல்லியிலிருந்து பாரிமுனைக்கு நாம் குறைந்த டிக்கெட்டில் போனபோது, மிச்சத்தைக் கொடுத்தது யார் தெரியுமா? முப்பது வருஷம் அதே வண்டியில் பையை மாட்டிக்கொண்டு நின்றபடி வந்து, முட்டி தேய்ந்து, வீட்டில் உட்கார்ந்திருந்த பழைய கண்டக்டர். அவரைக் கேட்காமலே அவரிடம் வாங்கப்பட்ட கடன் அது.

ஓய்வு பெற்ற போக்குவரத்து ஊழியர்களுக்கு 2015 நவம்பரிலிருந்து அகவிலைப்படி உயர்வை நிறுத்திவைத்ததும் இதே வகைதான். அது பல வருஷம் நீடித்து, 2024 ஜனவரி 9ஆம் தேதி நடந்த ஸ்ட்ரைக்கின் முக்கியக் கோரிக்கையாக மறுபடி வந்தது. இடையில் அரசு ஒரு சாமர்த்தியமும் செய்தது. 58 என்றிருந்த ஓய்வு வயதை 2020 மே மாதம் 59 ஆக்கியது, 2021 பிப்ரவரியில் 60 ஆக்கியது. கொரோனா காலம், கஜானா காலி. இரண்டு வருஷத்துக்கு யாருமே வயதாகி ரிட்டயர் ஆகாவிட்டால் யாருக்கும் செட்டில்மென்ட் கொடுக்க வேண்டியதில்லை அல்லவா? கடன்காரனை வாசலில் நிறுத்தி "நாளைக்கு வா" என்று சொல்வதை நாமெல்லாம் வீட்டில் செய்கிறோம். அரசு அதை ஜி.ஓ. போட்டுச் செய்தது.

கண்டக்டருக்குச் சட்டம் என்ன தருகிறது? கிராஜுவிட்டி விஷயத்தில் பளிச்சென்ற சட்டம் இருக்கிறது. 1972ஆம் வருஷத்துப் பணிக்கொடைச் சட்டம். ஒரு வருஷச் சர்வீஸுக்குப் பதினைந்து நாள் சம்பளம். ஓய்வு பெற்ற முப்பது நாளுக்குள் கொடுத்துவிட வேண்டும், தாமதித்தால் வட்டி. அந்த வட்டி 1987இலிருந்து வருஷத்துக்குப் பத்து சதவிகிதம். 2025 நவம்பர் 21 முதல் இந்தச் சட்டத்தின் இடத்தில் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது. முப்பது நாள் கெடுவும் வட்டியும் அதிலும் இருக்கின்றன. வட்டி கொடுப்பதும் கொடுக்காததும் முதலாளியின் இஷ்டமில்லை, நீதிமன்றத்தின் இஷ்டம்கூட இல்லை, தாமதம் ஊழியரின் தவறால் வந்தாலொழிய கொடுத்தே ஆகவேண்டும் என்று சுப்ரீம் கோர்ட் 2003இல், கர்நாடக விவசாயத் தொழில் கழகத்தில் வேலை பார்த்த ஒருவரின் வழக்கில் சொல்லிவிட்டது. கொடுக்காவிட்டால் தொழிலாளர் துறையில் இருக்கும் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் போகலாம். அவர் உத்தரவு போட்டும் பணம் வராவிட்டால், கலெக்டர் மூலம் நிலவரி பாக்கிபோல வசூலிக்கலாம்.

படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. வசூலிக்க வேண்டிய கலெக்டர் யாருடைய ஆள்? அரசின் ஆள். கழகம் யாருடையது? அரசுடையது. அரசு தன் இடது பாக்கெட்டிலிருந்து வலது கையால் ஜப்தி செய்யவேண்டும். விபத்து இழப்பீடு கொடுக்காததால் கோர்ட் அமீனா அரசு பஸ்ஸை ஜப்தி செய்து ஓட்டிக்கொண்டு போன செய்தியை அடிக்கடி படித்திருப்பீர்கள். அந்த பஸ்ஸில் அடிபட்டவருக்கு இருக்கிற அந்தப் பல், அந்த பஸ்ஸை ஓட்டியவருக்கு நடைமுறையில் இல்லை.

"கழகம் தனி கம்பெனிங்க, அதுகிட்ட பணமில்லேன்னா கவர்மென்ட் என்ன பண்ணும்?" என்ற சால்ஜாப்புக்கும் சுப்ரீம் கோர்ட் பதில் சொல்லியிருக்கிறது. பீகாரில் அரசு நிறுவன ஊழியர்களுக்கு வருஷக்கணக்காகச் சம்பளமில்லாமல் பட்டினிச் சாவுகள் வரை போன வழக்கு. கபிலா ஹிங்கோரானி என்ற வக்கீல் போட்டது. கம்பெனி என்ற திரைக்குப் பின்னால் மாநில அரசு ஒளிந்துகொள்ள முடியாது என்று சொல்லி, முதல் கட்டமாக 50 கோடி ரூபாயைக் கட்டச் சொன்னது நீதிமன்றம். வருஷம் 2003.

இப்போது நான் சொல்லவந்த முக்கியமான தீர்ப்புக்கு வருகிறேன். பென்ஷனர் சங்கங்கள் கொண்டாடுகிற தீர்ப்பு நகாரா வழக்கு. 1982 டிசம்பர் 17. பென்ஷன் என்பது எஜமான் மனமிரங்கிப் போடும் பிச்சையல்ல, உழைத்ததற்கு உரிமையாகச் சேரவேண்டியது என்று ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். 1971இலேயே பீகார் கல்வித்துறைக்காரர் ஒருவரின் வழக்கில் சொன்னதுதான். நகாராவில் அதை விரிவாக, நீதிபதி தேசாயின் பிரமாதமான நடையில் சொன்னார்கள். அந்தத் தேதியைத்தான் பென்ஷனர் தினமாகக் கூட்டம் போட்டுக் கொண்டாடுகிறார்கள். நியாயம்தான்.

ஆனால் சரியாக இரண்டு வருஷம் கழித்து, அதே டிசம்பர் 17ஆம் தேதி, அதே சுப்ரீம் கோர்ட் கொடுத்த ஒரு குட்டித் தீர்ப்பை யாரும் கொண்டாடுவதில்லை. கேரள அரசுக்கும் பத்மநாபன் நாயர் என்பவருக்கும் நடந்த வழக்கு. இரண்டு மூன்று பக்கம்தான். நல்ல சிறுகதைபோல இருக்கும். கொஞ்சம் கசக்கும்.

நாயர் 1973 மே 19ஆம் தேதி ஓய்வு பெறுகிறார். பென்ஷனும் கிராஜுவிட்டியும் அவர் கைக்கு வருவது 1975 ஆகஸ்ட் 14. இரண்டேகால் வருஷம். காரணம்? கடைசிச் சம்பளச் சான்றிதழ் வரவில்லை. இவர் வாங்கிய கடைசிச் சம்பளம் இவ்வளவு என்று, சம்பளம் கொடுத்த அரசு, சம்பளம் கொடுக்கப்போகிற அரசுக்கு, எழுதிக் கொடுக்கவேண்டிய காகிதம்! அதைத் தயாரிக்கத் தேவையான பதிவேடுகள் எல்லாம் அரசின் அலமாரியில் இருக்கின்றன. ஊழியரிடம் எதுவுமே இல்லை. நாயர் வட்டி கேட்டு வழக்குப் போட்டார்.  மாவட்டக் கோர்ட்டில் ஆறு சதவிகித வட்டி. அந்த ஆறு சதவிகிதத்தைக் கொடுக்க மனசில்லாமல் கேரள அரசு ஹைகோர்ட்டுக்குப் போனது. அங்கே தோற்று டெல்லிக்குப் போனது. சர்க்கார் வக்கீல், விமானம், ஃபைல், ஃபீஸ் எல்லாம் சேர்த்தால் வட்டியைவிட எத்தனை மடங்கு செலவாகியிருக்கும் என்று ஒரு ஆடிட்டர் கணக்குப் பார்த்தால் தேவலை.

சுப்ரீம் கோர்ட் அரசைக் காய்ச்சி எடுத்தது. ஓய்வுபெறும் தேதி முன்கூட்டியே தெரியும்போது, ஒரு வாரம் முன்னாலேயே இந்தச் சான்றிதழ்களைத் தயார் செய்து, ஓய்வுபெறும் அன்றோ மறுநாளோ கிராஜுவிட்டியைக் கையில் கொடுக்க என்ன தடை என்று கேட்டது. இரண்டு மாதத்துக்கு மேல் போனால் சந்தை வட்டி விகிதத்தில் அபராத வட்டி கொடுக்கவேண்டும் என்றது. இதுவரை கைதட்டலாம்.

அடுத்த வரிகளில்தான் எனக்குச் சண்டை. நாயர் கேட்டது பன்னிரண்டு சதவிகிதம். கொடுக்கப்பட்டது ஆறு. இது துரதிர்ஷ்டம் என்று நீதிமன்றமே சொல்கிறது. ஆனால் ஆறு போதாது என்று அவர் ஹைகோர்ட்டில் எதிர்மனு போடவில்லையாம். ஆகவே உயர்த்துவது முறையாகாதாம். விரும்பினால் அரசு, தாமதித்த அதிகாரியிடமிருந்து இந்த நஷ்டத்தை வசூலிப்பது பற்றி யோசித்துப் பார்க்கட்டும் என்றும் சொல்கிறது. யோசித்துப் பார்க்கட்டும்! உத்தரவு அல்ல, அறிவுரை. ஒரு ரிட்டயர்டு மனிதர் சான்றிதழ் வரவில்லை என்று பதினோரு வருஷம் காத்திருந்தால் அவருடைய எதிர்மனு எங்கே என்று கேட்கத் தெரிகிறது. காகிதத்தை இரண்டேகால் வருஷம் உள்ளே வைத்திருந்தவரின் பெயர் தீர்ப்பில் எங்கேயும் கிடையாது.

இந்தியாவில் ஓய்வூதியத் தாமதம் பற்றி அதற்குப்பின் வந்த ஏராளமான தீர்ப்புகளில் இந்த ஓட்டை அடைபடவே இல்லை என்பது என் புகார். வட்டி கொடு என்கிறார்கள். எவ்வளவு? அன்றைக்கு பெஞ்சில் யார் இருக்கிறார்களோ அதைப் பொறுத்தது. அரசுக் குடியிருப்பைக் காலி செய்யவில்லை என்று கிராஜுவிட்டியை நிறுத்திவைத்த வருமானவரித் துறைக்கு எதிராக 1994இல் பதினெட்டு சதவிகிதம். 2000இல் உத்தரப்பிரதேச வழக்கு ஒன்றிலும் பதினெட்டு. 2008இல் ஹரியானா இன்ஜினீயர் ஒருவர் வழக்கில், தனி விதி இல்லாவிட்டாலும் அரசியல் சட்டத்தின்படியே வட்டி கேட்கலாம் என்றார்கள். ஆஹா என்று இருந்தது. 2021 பிப்ரவரியில் ஆந்திர வழக்கு. கொரோனாவைக் காட்டி நிறுத்திவைத்த சம்பளத்துக்கும் பென்ஷனுக்கும் ஹைகோர்ட் பன்னிரண்டு சதவிகிதம் போட்டிருந்தது. சுப்ரீம் கோர்ட் அதை ஆறாகக் குறைத்தது. வட்டி என்பது அரசைத் தண்டிப்பதற்காக அல்ல என்பது காரணம். 1984இல் அபராதம் என்றார்கள், 2021இல் அபராதமல்ல என்கிறார்கள். மறுபடியும் அதே ஆறு.

தண்டிக்காத வட்டி யாரை அவசரப்படுத்தும்? ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒருவருக்குப் பத்து லட்சம் கிராஜுவிட்டி வரவேண்டும். இரண்டு வருஷம் தாமதம். இடையில் பெண்ணின் கல்யாணம். அந்தப் பணத்தை நம்பித்தானே தேதி குறித்தார்? ஐந்து லட்சம் வெளியில் வாங்குகிறார், ரெண்டு வட்டிக்கு. மாதம் பத்தாயிரம் ரூபாய். இரண்டு வருஷத்தில் இரண்டு லட்சத்து நாற்பதாயிரம் வட்டியாகவே போய்விட்டது. சட்டம் அவருக்கு வாங்கித்தரும் பத்து சதவிகிதம் எவ்வளவு? முழுப் பத்து லட்சத்துக்கும் சேர்த்து இரண்டு லட்சம். ஆறு சதவிகிதம் என்றால் ஒரு லட்சத்து இருபதாயிரம். வழக்கில் ஜெயித்து, கடன்காரருக்குத் தன் கையிலிருந்தும் கொடுத்து வீட்டுக்கு வருகிறார். அரசுக்கோ வெளியில் எங்கேயும் கிடைக்காத மலிவான கடன். அந்த வட்டியும் நம் வரிப்பணத்திலிருந்து போகிறது. தாமதித்த சூப்பரின்டென்டென்ட் அதற்குள் பிரமோஷன் வாங்கிக்கொண்டு வேறு ஊர் போயிருப்பார்.

அதிகாரியின் சட்டைப்பையில் கை வைப்பது நடக்காத காரியம் என்று நினைக்கவேண்டாம். நம் ஊரிலேயே இருக்கிற பி.எஃப். ஆபீஸின் சட்டப்புத்தகத்தில் அது அச்சாகியிருக்கிறது. வருங்கால வைப்புநிதித் திட்டத்தின் 72ஆவது பத்தியின் ஏழாவது உட்பிரிவு. எல்லாம் சரியாகப் பூர்த்தி செய்த விண்ணப்பத்தைத் தகுந்த காரணமில்லாமல் இருபது நாளுக்குள் முடிக்காவிட்டால், பன்னிரண்டு சதவிகிதம் அபராத வட்டி விதித்து அதைக் கமிஷனரின் சம்பளத்திலிருந்தே பிடிக்கலாம். நிறுவனத்திடமிருந்தல்ல, கமிஷனரின் சம்பளத்திலிருந்து! பத்து மார்க் தரலாம் இந்த வரிகளை எழுதியவருக்கு. பி.எஃப். சந்தாதாரர் ஒரு நுகர்வோர், கன்ஸ்யூமர் கோர்ட்டுக்கே போகலாம் என்று 1999இல் சுப்ரீம் கோர்ட் சொன்னதும் இதோடு சேர்ந்துகொண்டது. பி.எஃப். கமிஷனருக்கு எழுதத் தெரிந்த விதியை ஏ.ஜி. ஆபீஸுக்கும் கருவூலத்துக்கும் கழகத்தின் நிதி ஆலோசகருக்கும் எழுத ஏன் பேனா வரவில்லை?

தாமதத்துக்கு எப்போதும் பணமில்லை என்பது மட்டும் காரணமல்ல. அரசு அலுவலகங்களில் ரொம்பப் பழைய ஆயுதம் ஒன்று இருக்கிறது. ஓய்வுபெறும் மாதம் சார்ஜ் மெமோ. ரிட்டயர்மென்ட் அன்றைக்குச் சாயங்காலம் மாலை வாங்கப் போனவர் கையில் சஸ்பென்ஷன் உத்தரவு. சஸ்பென்ஷனில் இருப்பவரை ஓய்வுபெற அனுமதிக்காமல் வைத்திருக்கத் தமிழ்நாட்டில் விதியே இருக்கிறது. உண்மையாகவே திருடியவர்களை விடக்கூடாது, சரி. ஆனால் பல மெமோக்களைப் பார்த்தால் பத்து வருஷத்துக்கு முந்தைய குற்றச்சாட்டு, கடைசி மாதம்தான் ஞாபகம் வந்திருக்கிறது. கடைசி நாள் சஸ்பென்ஷனைத் தவிர்க்கவேண்டும் என்று 2021இல் மாநில அரசே ஆணை போட்டது. வழக்கம் எவ்வளவு முற்றிப்போயிருந்தால் அதற்கென்று ஒரு ஆணை தேவைப்பட்டிருக்கும்!

இந்த விஷயத்தில் நம் ஊர்த் தீர்ப்பு ஒன்று இருக்கிறது. தமிழ்நாடு வீட்டுவசதி வாரியத்தின் மேற்பார்வைப் பொறியாளர் மகாதேவன் வழக்கு, 2005. முகப்பேர், அம்பத்தூர், ஆவடியில் பாதிப்பேர் ஹவுசிங் போர்டு வீட்டில்தானே இருக்கிறோம், நமக்கும் அந்த வாரியத்துக்கும் பந்தம் உண்டு. 1990இல் ஒரு கிரயப்பத்திரம் கொடுத்ததில் முறைகேடு என்று 2000இல் மெமோ கொடுத்தார்கள். பத்து வருஷம் என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்று கேட்டு, சுப்ரீம் கோர்ட் மெமோவையே ரத்து செய்து, ஓய்வுக்காலப் பலன்களை மூன்று மாதத்துக்குள் கொடுக்கச் சொன்னது. விதி எதுவும் இல்லாமல் வெறும் சுற்றறிக்கையைக் காட்டிப் பென்ஷனையோ கிராஜுவிட்டியையோ நிறுத்த முடியாது, அது ஊழியரின் சொத்து என்று 2013இல் ஜார்க்கண்ட் வழக்கிலும் தீர்ப்பு வந்தது. தவறுதலாகச் சம்பளம் அதிகம் கொடுத்துவிட்டோம், கிராஜுவிட்டியில் பிடித்துக்கொள்கிறோம் என்பார்கள். ரிட்டயர் ஆனவரிடமும், ஒரு வருஷத்துக்குள் ரிட்டயர் ஆகப்போகிறவரிடமும் அப்படிப் பிடிக்கக்கூடாது என்று 2014இல் பஞ்சாப் வழக்கில் சொல்லியாகிவிட்டது.

எல்லாம் சொல்லியாகிவிட்டது. இதுதான் வேதனை. சட்டம் தெளிவில்லாமல் இல்லை. ஒவ்வொருவரும் தனித்தனியாகக் கோர்ட் படியேறி, ஏற்கெனவே தீர்ந்த கேள்விக்குத் தன் பெயரில் ஒரு தீர்ப்பு வாங்கிவர வேண்டும் என்று அலுவலகங்கள் எதிர்பார்க்கின்றன. "கோர்ட் ஆர்டர் கொண்டாந்துடுங்க சார், உடனே போட்டுடலாம்" என்று சிரித்த முகமாகச் சொல்லும் கிளார்க்குகளை உங்களுக்கும் தெரிந்திருக்கும். ஆர்டர் கொண்டுபோனால் அப்பீல் போடலாமா என்று சட்டத்துறைக்கு ஃபைல் போகும். அறுபது வயதைத் தாண்டியவரிடம் விளையாடும் விளையாட்டா இது? குடும்ப ஓய்வூதியத்துக்கு அலையும் பெண்களின் கதை இன்னும் மோசம். புருஷனுடைய பதிவேட்டில் 'லட்சுமி', ரேஷன் கார்டில் 'லக்ஷ்மி'. இரண்டும் ஒரே ஆள் என்று தாசில்தாரிடம் எழுதி வாங்க ஒரு மழைக்காலம் முழுக்கப் போகும்.

இவ்வளவு திட்டிவிட்டு, போகாதீர்கள் என்றா சொல்லப்போகிறேன்? போகத்தான் வேண்டும். ஆனால் சிலதைத் தெரிந்துகொண்டு போகவேண்டும். வாயால் கேட்டது எதுவும் கேட்டதாகாது. எழுதி, பதிவுத் தபாலில் அனுப்பி, அட்டையைப் பத்திரப்படுத்துங்கள். அசலைக் கேட்கும் கடிதத்திலேயே வட்டியையும் சதவிகிதம் போட்டுக் கேளுங்கள். கேட்டதைவிடக் குறைவாகக் கிடைத்து மேல்கோர்ட்டுக்குப் போகும்போது அதை எதிர்த்து எழுதாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு நாயர் சாட்சி. "வரும்போது வரட்டும்" என்று பத்து வருஷம் உட்கார்ந்திருக்கவும் கூடாது. பென்ஷன் பாக்கி மாதாமாதம் தொடரும் தவறுதான், எப்போது வேண்டுமானாலும் கேட்கலாம். ஆனால் தாமதமாக வந்தால் மனுப்போட்டதற்கு முந்தைய மூன்று வருஷப் பாக்கிதான் பொதுவாகக் கிடைக்கும் என்று 2008இல் ஒரு ராணுவ வீரரின் வழக்கில் சுப்ரீம் கோர்ட் கோடு போட்டுவிட்டது. கோர்ட் உத்தரவு வாங்கியும் பணம் வரவில்லையா, அவமதிப்பு வழக்குக்கு ஒரு வருஷம்தான் கெடு. "அடுத்த மாசம் ஆயிடும்" என்று பன்னிரண்டு தடவை சொல்லி அந்தக் கெடுவைக் கடத்துவதும் சில இடங்களில் ஒரு கலை.

வக்கீலைப் பார்ப்பதற்கு முன்னால் ஒரு காரியம் செய்யலாம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு. பத்து ரூபாய்க்குக் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப். என் பென்ஷன் ஏன் வரவில்லை என்று கேட்காதீர்கள், 'பரிசீலனையில் உள்ளது' என்று பதில் வரும். என் கோப்பு எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதிவரை யாருடைய மேஜையில் இருந்தது, அவருடைய பெயர் என்ன, பதவி என்ன, ஒவ்வொருவரும் எழுதிய குறிப்பின் நகல் வேண்டும் என்று கேளுங்கள். பதில் தர முப்பது நாள் கெடு. வழக்குப் போடும்போது எதிர்மனுதாரர்கள் பட்டியலில், பதவியோடு சேர்த்து அந்தப் பெயரையும் போடமுடியுமா என்று உங்கள் வக்கீலிடம் கேளுங்கள்.